வாசற்படிக்கு இந்தப் பக்கம்

கூத்தாநல்லூரில் எனக்கு ஒரு நண்பர் இருக்கிறார். சிங்கப்பூரில் இருபது வருஷத்துக்கு மேல் ஜவுளி வியாபாரம் செய்துவிட்டு, வயதான காலத்தில் வெண்ணாற்றங்கரைக்கே திரும்பி வந்தவர். அந்த ஊரைச் 'சின்ன சிங்கப்பூர்' என்று ஏன் சொல்கிறார்கள் என்று சந்தேகப்படுகிறவர்கள் அவர் வீட்டுக் கூடத்துக்குள் ஒரு முறை நுழைந்து பார்த்தால் போதும். சுவர் முழுவதும் அக்கரைச் சீமையின் படங்கள். அலமாரி முழுவதும் அக்கரைச் சீமையின் பீங்கான். ஊரார் அவரை ஹாஜியார் என்பார்கள். நானும் அப்படியேதான்.

சென்ற ஐப்பசியில் அவரைப் பார்க்கப் போயிருந்தேன். நல்ல மழை. திரும்பிப் போக வழியில்லாமல் பேச்சு வளர்ந்துகொண்டிருந்தது. சிங்கப்பூரிலிருந்து லீவில் வந்திருந்த அவருடைய பேரன், அங்கே விடுமுறை நாட்களில் தான் கோல்ஃப் ஆடுவதைப் பற்றிச் சொல்லிவிட்டுத் தன் கைப்பேசியில் ஒரு பழைய படத்தைக் காட்டினான்.

கொட்டும் மழையில் ஒரு மனிதர் கையில் வெற்றிக் கோப்பையோடு நிற்கிறார். நம்மவர் முகம். தலை நனைந்திருக்கிறது. அவ்வளவுதான் படம்.

"இந்த மழையிலா பரிசு கொடுத்தார்கள்? பக்கத்தில் கட்டடம் ஒன்றும் இல்லையா?" என்று கேட்டேன்.

"இருந்தது, ஐயா. அதற்குள் அவர் போகக்கூடாது" என்றான் பையன்.

ஸ்யூசங்கர் ஸ்யூகோலம் என்பது அவர் பெயர். பாப்வா என்பது உலகம் அறிந்த செல்லப் பெயர். தென்னாப்பிரிக்காவில் டர்பன் நகரத்துக்காரர். 1860-ஆம் வருஷம் சென்னைத் துறைமுகத்திலிருந்து 'ட்ரூரோ' என்ற கப்பல், ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிக்கொண்டு நேட்டாலுக்குப் போயிற்று அல்லவா? அதன் பின்னால் கல்கத்தாவிலிருந்தும் சென்னையிலிருந்தும் கப்பல் கப்பலாகக் கரும்புத் தோட்டங்களுக்குப் போனார்கள். தமிழர், தெலுங்கர், வடநாட்டார் எல்லாரும் அந்த மண்ணில் ஒரே பெயரோடு, 'கூலி' என்ற பெயரோடு, இறங்கினார்கள். பாப்வா அந்தச் சமூகத்தில் பிறந்தவர், வடநாட்டு வழி.

சிறு வயதில் அவருக்குப் பள்ளிக்கூடம் வாய்க்கவில்லை. வெள்ளைக்காரர்கள் கோல்ஃப் ஆடும் மைதானத்தில் மட்டைப் பையைத் தூக்கிக்கொண்டு பின்னால் நடக்கும் வேலைதான் வாய்த்தது. கற்றுக்கொடுக்க ஆள் இல்லை. பார்த்துப் பார்த்துக் கற்றார். வலக்கையால் ஆடுகிறவர்கள் மட்டையைப் பிடிக்கும்போது இடக்கை மேலேயும் வலக்கை கீழேயும் இருக்கும். பாப்வா தலைகீழாக, வலக்கையை மேலேயும் இடக்கையைக் கீழேயும் வைத்துப் பிடித்தார். அது தப்பு என்று சொல்ல ஒருவரும் இல்லாததால் அந்தத் தப்பே அவருடைய கலை ஆகிவிட்டது.

கோல்ஃப் ஆட்டத்தைப் பற்றி இரண்டு வார்த்தை சொல்ல வேண்டும். உதகமண்டலத்துக்கோ கொடைக்கானலுக்கோ போனவர்கள் வேலிக்கு வெளியே நின்று பார்த்திருப்பார்கள். ஒரு சிறு பந்து. அதை நாலேகால் அங்குல அகலமுள்ள குழிக்குள் அடித்துத் தள்ள வேண்டும். அப்படிப் பதினெட்டுக் குழிகள். குறைந்த அடிகளில் முடிப்பவன் வென்றவன். இதிலே ஒரு விசேஷம் உண்டு. எதிராளி பந்தைத் தட்டிப் பறிப்பதில்லை. ஒவ்வோர் அடிக்கும் கூடவே நடுவர் நின்று ஊதல் ஊதுவதில்லை. தன் தப்பைத் தானே சொல்லிக்கொள்ள வேண்டும். 1925-இல் அமெரிக்காவின் தேசியப் போட்டியில் பாபி ஜோன்ஸ் என்ற மகா ஆட்டக்காரர், வேறு யாரும் காணாத போதும், தம் பந்து சற்று அசைந்துவிட்டதென்று தாமே ஓர் அடியைக் கூட்டிக்கொண்டார். கடைசியில் சமநிலை ஆகி, மறு ஆட்டத்தில் தோற்றும் போனார். பாராட்டியவர்களிடம், பாங்கியைக் கொள்ளையடிக்காததற்காக ஒருவனைப் புகழ்வீர்களா என்கிற பாவனையில் பதில் சொன்னாராம்.

மனசாட்சியே நடுவராக இருக்கும் ஆட்டம் என்று அதை ஆடுகிறவர்கள் பெருமைப்பட்டுக்கொள்வது இதனால்தான். அந்தப் பெருமையை மனத்தில் வைத்துக்கொண்டு மேலே கேளுங்கள்.

பாப்வா வேலை பார்த்த இடத்து முதலாளி கிரஹாம் வுல்ஃப் என்கிற வெள்ளைக்காரர். முகப் பூச்சு ஒன்றைக் கண்டுபிடித்துப் பணக்காரர் ஆனவர். அவர் பாப்வாவின் திறமையைக் கண்டு ஐரோப்பாவுக்கு அழைத்துப் போனார். 1959-இல் ஹாலந்து தேசத்துத் திறந்த போட்டியில் பாப்வா முதல் பரிசு வாங்கினார். அடுத்த வருஷமும் வாங்கினார். 1964-இல் மூன்றாம் முறையும் வாங்கினார். அந்தத் தேசத்தில் அவர் கட்டடத்துக்குள் போகலாம், நாற்காலியில் உட்காரலாம். சொந்த ஊரில் முடியாது.

1963-இல் டர்பன் கன்ட்ரி கிளப் மைதானத்தில் நேட்டால் மாகாணத்தின் திறந்த போட்டி நடந்தது. 'திறந்த' என்ற சொல்லைக் கவனியுங்கள். வெள்ளைக்காரர்கள் நிறைந்த அந்தப் போட்டியில் பாப்வா ஜெயித்தார். பரிசளிப்பு நேரத்தில் மழை பிடித்துக்கொண்டது. மற்றவர்கள் கட்டடத்துக்குள் இருந்தார்கள். நிறவெறிச் சட்டம் நடந்த காலம். ஜெயித்தவர் உள்ளே வரக்கூடாது. கோப்பை வெளியே வந்தது. அவர் மழையில் நின்று வாங்கிக்கொண்டார்.

அந்நாளில் டர்பன் நகரத்து ஓட்டல்களிலும் கிளப்புகளிலும் தட்டு ஏந்திப் பரிமாறியவர்களில் இந்தியர்கள் ஏராளம். ஆகவே இந்தியனின் கால் பட்டால் தரை அழுக்காகிவிடும் என்பதல்ல விஷயம். தட்டை ஏந்திக்கொண்டு வரும் இந்தியனுக்கு வாசல் உண்டு. கோப்பையை ஏந்திக்கொண்டு வரும் இந்தியனுக்கு இல்லை. ஊழியனாக வந்தால் சரி, சமமாக வந்தால் சரியில்லை.

ஹாஜியார் இதையெல்லாம் கேட்டுவிட்டுக் கோபத்தோடு சொன்னார்: "அந்தக் கோப்பையை அவங்க முகத்திலேயே விட்டெறிஞ்சிட்டு வந்திருக்கணும் சார்! ரோஷம் வேண்டாமா மனுஷனுக்கு?"

எனக்கும் முதலில் அப்படித்தான் தோன்றியது. அவமானத்தோடு வரும் கௌரவத்தை ஏற்கலாமா என்ற பழைய கேள்விதான். ஏற்கக்கூடாது என்று பளிச்சென்று பதில் சொல்லிவிடலாம். மழை வெளியே பெய்துகொண்டிருக்கும்போது, கூடத்தில் உட்கார்ந்து தேநீர் குடித்துக்கொண்டே, அந்தப் பதிலைச் சொல்வது மிகவும் சுலபம்.

அப்போது எனக்கு இன்னொரு கோல்ஃப்காரரின் ஞாபகம் வந்தது. வால்டர் ஹேகன் என்ற அமெரிக்கர். நிறத்தில் வெள்ளையர்தான். ஆனால் பணத்துக்காக ஆடும் தொழில்காரர். பிரிட்டனில் அந்தக் காலத்தில் தொழில்காரனுக்கும் கட்டடத்துக்குள் அனுமதி இல்லை. கனவான்கள் மட்டுமே உள்ளே. 1920-இல் ஹேகன் அங்கே ஆடப் போனபோது, ஒரு பெரிய மோட்டாரை வாடகைக்கு அமர்த்தி, கிளப் வாசலிலேயே நிறுத்தி, அதற்குள் உடை மாற்றிக்கொண்டார். 1923-இல் ட்ரூன் என்ற ஊரில் இரண்டாம் இடம் பெற்றபோது, பரிசளிப்புக்காக உள்ளே வரச்சொல்லி அழைப்பு வந்தது. இத்தனை நாள் எங்களை உள்ளே விடாதவர்களின் வீட்டுக்குள் இப்போது வரமாட்டேன் என்று மறுத்துவிட்டு, கூட்டத்தைத் தம்மோடு சாராயக்கடைக்கு அழைத்துக்கொண்டு போய்விட்டார்.

அபாரமான ரோஷம். நான் சந்தோஷமாகத்தான் இதை ஹாஜியாரிடம் சொன்னேன். சொல்லிக்கொண்டு வரும்போதே என் வாய் தடுமாறியது. ஹேகனுக்குக் கிடைத்தது உள்ளே வரும் அழைப்பு. அதை அவரால் மறுக்க முடிந்தது. பாப்வாவுக்கு எந்த அழைப்பும் இல்லை; எதை மறுப்பார்? ஹேகனுக்கு வேறு மைதானங்கள் இருந்தன, வேறு தேசம் இருந்தது, வாசலில் நிறுத்த மோட்டார் இருந்தது. பாப்வாவுக்கு அந்தக் கோப்பை அலமாரிச் சாமான் அல்ல. அதுதான் தொழில், அதுதான் வீட்டு அடுப்பு. இன்னொரு கதவு உள்ளவனுக்கே ஒரு கதவை உதைத்துத் தள்ளும் சுதந்தரம் வாய்க்கிறது. இல்லாதவனிடம் போய் நீ ஏன் உதைக்கவில்லை என்று கேட்பது என்ன நியாயம்?

அவர் அமைதியாக வாங்கிக்கொண்டதாலாவது அவரை நிம்மதியாக விட்டார்களா? அதுவும் இல்லை. அந்த மழைப் படம் உலகமெல்லாம் பரவியது. நிறவெறிக்கு எதிராக விளையாட்டு உலகம் தென்னாப்பிரிக்காவை ஒதுக்க வேண்டும் என்ற கிளர்ச்சிக்கு அது ஒரு சின்னமாயிற்று. 1965-இல் அதே நேட்டால் போட்டியில் பாப்வா மறுபடியும் ஜெயித்தார். இம்முறை தோற்றவர்களில் உலகப் புகழ் பெற்ற கேரி பிளேயரும் ஒருவர். அதற்குப் பின் சர்க்கார் அவரைப் போட்டிகளிலிருந்து விலக்கியது. பாஸ்போர்ட்டையும் பிடுங்கிக்கொண்டது. உள்ளூரிலும் ஆட முடியாமல், வெளியூரும் போக முடியாமல், 1978-இல் வறுமையில் செத்துப் போனார். ஐம்பது வயது நிரம்பவில்லை. நிறவெறி ஒழிந்தபின் கௌரவங்கள் வந்தன. டர்பனில் ஒரு கோல்ஃப் மைதானத்துக்கு இன்று அவர் பெயர். பெயருக்கு மழையும் இல்லை, வெயிலும் இல்லை.

"வெள்ளைக்காரன் புத்தியே அப்படித்தான்" என்று ஹாஜியார் முடித்தார்.

அந்த முடிவோடு நானும் எழுந்து வந்திருக்கலாம். ஆனால் பல்வங்கர் பாலு என்று ஒரு பந்துவீச்சாளர் நம் தேசத்தில் இருந்தார். தாழ்த்தப்பட்ட வகுப்பில் பிறந்தவர். 1911-இல் இங்கிலாந்துக்குப் போன இந்தியக் கோஷ்டியில் நூறு விக்கெட்டுகளுக்கு மேல் எடுத்தவர். புனாவில் இந்துக்களின் கோஷ்டிக்காக அவர் ஆடியபோது, கூட ஆடியவர்கள் உள்ளே உட்கார்ந்து தேநீர் குடிக்க, அவருக்கு மட்டும் வெளியே மண் குவளையில் கொடுத்தார்கள். அவர் எறிந்த பந்தைத் தொடலாம். அவர் குடித்த கோப்பையைத் தொடக்கூடாது. அங்கே எந்த வெள்ளைக்காரன் சட்டம் போட்டான்?

புனா கூடத் தூரம். கூத்தாநல்லூரிலிருந்து சில மைல் தள்ளி இருந்த என் தகப்பனார் வீட்டைப் பற்றிச் சொல்கிறேன்.

எனக்கு அப்போது ஒன்பது வயது. பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்த 1952-க்கு அடுத்த வருஷம். ஐப்பசி மழையில் ஆற்றங்கரை எங்கள் வயலுக்கு நேராக உடைத்துக்கொண்டது. எங்கள் பண்ணையாள் ஒருவர், என் தகப்பனாரை விட வயதில் மூத்தவர், இரவு முழுவதும் கழுத்தளவு தண்ணீரில் நின்று, மூங்கில் கழி அடித்து, வைக்கோலும் மண்ணும் திணித்து உடைப்பை அடைத்தார். பொழுது விடிந்தபோது நடவு பிழைத்திருந்தது.

என் தகப்பனார் கெட்டவர் அல்ல. மனம் நெகிழ்ந்து போனார். தீபாவளியன்று அவரை அழைத்து, சரிகைக் கரை போட்ட வேட்டி ஒன்றும் அதன் மேல் ஐந்து ரூபாயும் வைத்துக் கொடுக்கச் சொன்னார். தீபாவளியன்றும் மழைதான். அவர் கொல்லைப்புறத்தில், தாழ்வாரத்துக்கு வெளியே, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு நின்றார். "குழந்தை கையால் கொடுக்கட்டும்" என்றார் தகப்பனார். நான் படிமேல் நின்றேன். தொடாமல் கொடுக்க வேண்டும் என்று யாரும் எனக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை, எனக்கே தெரிந்திருந்தது. அவர் கைகளுக்கு ஒரு சாண் உயரத்திலிருந்து வேட்டியை விட்டேன். மழையில் நனைந்துகொண்டே போய் விழுந்தது. அவர் அதைக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "சின்னய்யா நல்லா இருக்கணும்" என்றார்.

அவர் போன பிறகு கேட்டேன்: "ஏம்ப்பா, அவர் தாழ்வாரத்துக்காவது வந்து வாங்கிக்கக் கூடாதா?"

தகப்பனார் யோசிக்கக்கூட இல்லை. "கூப்பிட்டாலும் அவனே வரமாட்டான்" என்றார்.

இந்த ஒரு வாக்கியத்தை எழுபது வருஷமாகச் சுமந்துகொண்டிருக்கிறேன். பொய்யில்லாத வாக்கியம் அது. கூப்பிட்டிருந்தாலும் அவர் வந்திருக்கமாட்டார்தான். பல தலைமுறையாக வாசலைக் காட்டி மிரட்டிவிட்டு, கடைசியில் அந்தப் பயத்தையே அவருடைய சம்மதமாகக் கணக்கில் எழுதிக்கொண்டோம். சட்டம் அப்படி, வழக்கம் அப்படி, அவனே வரமாட்டான் என்று எந்த ஊர் மாளிகையிலும் உள்ளே இருப்பவர்கள் நிம்மதியாகத் தூங்குவதற்கு இந்த மூன்றும் போதும். நல்லவர்கள் தூங்குவதற்கும் போதும் என்பதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. கெட்டவர்களால் மட்டும் ஓர் அநீதியை இத்தனை காலம் நடத்தியிருக்க முடியாது.

அவமானத்தோடு வரும் கௌரவத்தை ஏற்கலாமா என்ற கேள்வியை, ஆகவே, நான் விட்டுவிட்டேன். அது நனைந்துகொண்டு நின்றவரிடம் கேட்கப்படும் கேள்வி. அதற்குப் பதில் சொல்லும் பொறுப்பு பாப்வாவுக்கும் இல்லை, எங்கள் பண்ணையாளுக்கும் இல்லை. கௌரவத்தை அப்படிக் கொடுக்கலாமா என்பதுதான் கேள்வி. அது நனையாமல் நின்றவனிடம் கேட்க வேண்டியது. கோல்ஃப் ஆட்டத்தில் பந்து அசைந்தால் ஆடுகிறவன் தானே சொல்லிக்கொள்ள வேண்டும் என்கிறார்களே, அந்த விதி மைதானத்தோடு முடிந்துபோகிறதா என்ன?

என் பந்து அசைந்தது. யாரும் பார்க்கவில்லை. அந்தத் தீபாவளியன்று எனக்கும் அவருக்கும் நடுவில் இருந்தது மூன்று படிகள். ஒன்பது வயதுக் குழந்தை மூன்று படி இறங்கியிருந்தால், சட்டை நனைந்திருக்கும், தகப்பனார் அதட்டியிருப்பார், அதற்கு மேல் ஒன்றும் ஆகியிருக்காது.

இதை ஹாஜியாரிடம் சொன்னேன். அவர் வெகு நேரம் பேசவில்லை. பிறகு, வாசலில் குடையில்லாமல் ஒதுங்கி நின்றிருந்த தபால்காரரைப் பார்த்து, "தம்பி, உள்ளே வாங்க, ஒரு வாய் தேத்தண்ணி குடிச்சிட்டுப் போகலாம்" என்று கூப்பிட்டார்.

"பரவாயில்லைங்க, இங்கேயே நிக்கிறேன்" என்றார் தபால்காரர்.

ஹாஜியார் எழுந்து வாசலுக்கே போய், அவர் கையைப் பிடித்து அழைத்து வந்தார்.