ஒப்புக்குச் சப்பாணி

1952ல் கொழும்பில் இந்தியா, பாகிஸ்தான், பர்மா, இலங்கை என்று நான்கு நாடுகள் கால்பந்து ஆடின. கொழும்புக் கோப்பை என்று பெயர். 1953ல் ரங்கூன், 1954ல் கல்கத்தா, 1955ல் டாக்கா. அத்தோடு போட்டி நின்றுபோயிற்று. பிந்திய மூன்றையும் இந்தியா தனியாக வென்றது. முதலாவதை மட்டும் இந்தியாவும் பாகிஸ்தானும் பகிர்ந்துகொண்டன. இரண்டும் மோதிய ஆட்டத்தில் எந்தப் பக்கமும் கோல் விழவில்லை.

நான்கும் சற்று முன்புவரை ஒரே கிரீடத்தின் கீழ் இருந்தவை. பர்மா 1937 வரை பிரிட்டிஷ் இந்தியாவின் ஒரு மாகாணம். பாகிஸ்தானுக்கு அப்போது ஐந்து வயது நிறையவில்லை. ஆக, ‘அயல்நாடு’ என்பதே புதிதாகக் கற்றுக்கொண்ட வார்த்தை. அரசியல் சட்டமும் கொடியும் செய்ய முடியாத ஒரு காரியத்தை ஆட்டம் எளிதாகச் செய்துவிடுகிறது என்று தோன்றுகிறது. பதினோரு பேரை எண்ணி நிறுத்திவிட்டால் தேசம் கண்ணுக்குத் தெரிந்துவிடுகிறது. எண்ணும்போது யார் விட்டுப்போனார்கள் என்பது மட்டும் தெரிவதில்லை.

மாஸ்கோ டைனமோ அணி 1945ல் பிரிட்டனில் ஆடிவிட்டுப் போன பிறகு, தேசங்களுக்கிடையேயான விளையாட்டு பகையை வளர்க்குமே அல்லாமல் ஆற்றாது என்று ஆர்வெல் எழுதினார். விளையாட்டு நட்பை வளர்க்கும் என்பது எதிர்க்கட்சி. தூதரக விருந்துகளில் அடிக்கடி சொல்லப்படுவது. இரண்டும் எனக்கு ஒரே தவறாகப் படுகின்றன. மனிதன் ஏற்கனவே ஒரு பக்கத்தில் இருக்கிறான், அவன் எதிர்ப்பக்கத்தை வெறுப்பானா நேசிப்பானா என்பதுதான் கேள்வி என்று இரு சாராரும் எடுத்துக்கொள்கிறார்கள். அவன் எந்தப் பக்கம் என்பதை யார் தீர்மானித்தது என்ற முந்தைய கேள்வியைத் தொடுவதில்லை.

தொட்டால் சிக்கல்தான். பாகிஸ்தானுக்காக ஆடிய மசூத் ஃபக்ரி ஐம்பதுகளின் தொடக்கத்தில் கல்கத்தாவில் ஈஸ்ட் பெங்கால் கிளப்புக்கும் ஆடினார். 1920ல் தொடங்கிய கிளப் அது. எந்தக் கிழக்கு வங்காளத்தின் பெயரைத் தாங்கியதோ அந்த மண் பாகிஸ்தானுக்குப் போன பிறகும் பெயரைத் தாங்கிக்கொண்டிருந்தது. ஒரு பாகிஸ்தானியர், இந்திய நகரத்தில், பாகிஸ்தானுக்குப் போய்விட்ட ஊரின் பெயரில், இந்தியர்கள் கைதட்ட ஆடுகிறார். இதில் துரோகம் எங்கே இருக்கிறது? எங்கும் இல்லை. பக்கம் என்பது ஆட்டம் முடியும்வரைக்குமான ஒப்பந்தம் என்பது எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

கூமாப்பட்டிப் பக்கம் பையன்கள் கண்மாய்க்குள் ஆட இறங்கும்போது இந்த ஒப்பந்தம் வெட்டவெளியில் நடப்பதைப் பார்க்கலாம். (2025ல் ஒரு காணொளியால் நாடெங்கும் அடிபட்ட அதே ஊர்தான். தண்ணீர் பார்க்க வந்தவர்களுக்கு வற்றிய கண்மாய் வேண்டியிருக்கவில்லை.) முன்பெல்லாம் உத்தி பிரிப்பார்கள். இருவர் இருவராகத் தள்ளிப்போய்த் தங்களுக்கு ரகசியப் பெயர் வைத்துக்கொண்டு, தோளில் கை போட்டு வந்து கேட்பார்கள்: சூரியன் வேண்டுமா, சந்திரன் வேண்டுமா? தலைவன் கேட்பது பெயரை, கிடைப்பது ஆள். பக்கம் தற்செயல் என்பதை இவ்வளவு நேர்மையாக ஒத்துக்கொள்ளும் வேறு ஏற்பாடு எனக்குத் தெரியவில்லை. ஒற்றைப்படையாக ஒருவன் மிஞ்சுவான், பெரும்பாலும் சின்னவன். அவன் ஒப்புக்குச் சப்பாணி. இரண்டு பக்கமும் ஆடலாம். அவன் ஓடினாலும் கணக்கில்லை, அவுட் ஆனாலும் கணக்கில்லை. அழுதுகொண்டு வீட்டுக்குப் போகாமல் இருக்கச் செய்த கருணை இது. அவமானமும் இதுவே. தோற்க முடியாதவன் ஆட்டத்தில் இல்லாதவன்.

கொழும்பில் நான்கு தேசங்கள் ஆடிய 1952ல், ராமநாதபுரம், திருநெல்வேலி, திருச்சிச் சீமைகளிலிருந்து போனவர்களின் வழிவந்த லட்சக்கணக்கானவர்கள் மலைமேல் கொழுந்து கிள்ளிக்கொண்டிருந்தார்கள். 1948ன் பிரஜாவுரிமைச் சட்டம் அவர்களை வெளியே நிறுத்தியது. உள்ளே வர மனுப்போட வழிசெய்த 1949ன் சட்டத்துக்கு ‘இந்திய, பாகிஸ்தானியக் குடியிருப்பாளர்’ சட்டம் என்று பெயர். மைதானத்தில் இறங்கிய நான்கு பெயர்களில் இரண்டை எடுத்து அவர்கள்மேல் ஒட்டியாயிற்று. அந்தப் பெயருக்குரிய தேசமோ அவர்களைத் தன் பிரஜைகளாகக் கொள்ளவில்லை. அந்த மே மாதத் தேர்தலில் அவர்களில் மிகப் பெரும்பாலோருக்கு ஓட்டில்லை. சப்பாணி என்றுகூட இவர்களைச் சொல்ல முடியாது. சப்பாணியின் ஓட்டம் கணக்கில் ஏறாது. இவர்கள் பறித்த தேயிலை இலங்கையின் ஏற்றுமதிக் கணக்கில் முதலிடத்தில் ஏறியது.

இப்படி ஒருவன் அந்த ஆட்டத்தைப் பார்த்திருந்தால் எந்தப் பக்கம் கைதட்டியிருக்க வேண்டும்? 1990ல் பிரிட்டனில் நார்மன் டெபிட் என்ற அரசியல்வாதி இதையே ஒரு பரீட்சையாக்கினார்: குடியேறி வந்தவர்கள் கிரிக்கெட்டில் யாரை ஆதரிக்கிறார்கள் என்று பார், விசுவாசம் தெரிந்துவிடும். சுலபமான பதில் ஒன்று உண்டு. யாரையும் ஆதரிக்க வேண்டாம், நல்ல ஆட்டத்தை ரசித்தால் போதும் என்பது. நம்மவர்களுக்கு, குறிப்பாகக் கவிதை எழுதுகிறவர்களுக்கு, இது பிடிக்கும். எனக்கு இதில் நம்பிக்கையில்லை. ஒரு பக்கம் ஜெயிக்க வேண்டும் என்ற தவிப்பில்லாதவனுக்கு இருபத்திரண்டு ஜோடிக் கால்கள் அசைவது தெரியும், ஆட்டம் தெரியாது. பற்றில்லாமல் பார்வை இல்லை.

டெபிட்டின் பிழை வேறிடத்தில் இருக்கிறது. எண்ணப்பட்ட பிறகு வருவது விசுவாசம் என்றும், ஆகவே அதைக் கணக்குக் கேட்கலாம் என்றும் அரசு நினைக்கிறது. கண்மாய்க்குள் நிற்கும் சப்பாணியைக் கவனித்தால் விஷயம் தலைகீழாக இருக்கிறது. எந்தப் பக்கமும் அவனைச் சேர்த்துக்கொள்ளவில்லை. ஆனாலும் அவனுக்கு ஒரு பக்கம் உண்டு. அந்தப் பக்கம் தோற்றால் முகம் வாடுகிறது. எண்ணப்படுவதற்கு முன்பே பற்று வந்துவிடுகிறது. கொடுத்த இடத்துக்குப் பிரதியாக அது வந்ததில்லை என்பதால் அதைப் பரீட்சிக்கும் உரிமை யாருக்கும் இல்லை. தான் சம்பாதிக்காத ஒன்றின் மீது அரசு வட்டி கேட்கிறது.

விசில் ஊதியதும் எதிரி எதிரியாக இருப்பது முடிந்துவிடும் என்பது ஆட்டத்தின் பெரிய நாகரிகம். அரசிடம் அந்த விசில் இல்லை. பர்மாவில் 1962க்குப் பிறகு வந்த ராணுவ ஆட்சி கடைகளை எடுத்துக்கொண்டபோது, கப்பலில் திரும்பிய தமிழர்களில் சிலர் ரங்கூனில் கோப்பைக்காக ஆடியதைப் பார்த்தவர்களாகக்கூட இருக்கலாம். அவர்கள் யாருக்குக் கைதட்டினார்கள் என்று விசாரித்துக் கடை பறிக்கப்படவில்லை.

மலையகத்தாருக்கு 1964ல் சாஸ்திரியும் சிறிமாவோவும் உத்தி பிரித்தார்கள். 9,75,000 பேரில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு. ரகசியப் பெயர் வைத்துக்கொள்ள அவர்களை யாரும் தள்ளி அனுப்பவில்லை. 1,50,000 பேர் எந்தப் பக்கமும் சேராமல் மிஞ்சினார்கள். பத்து வருஷம் கழித்து, 1974ல், இரு அரசுகளும் அவர்களையும் பகிர்ந்துகொண்டன: ஆளுக்கு 75,000, சரிபாதி.