வானிலிருந்து வந்த வலியோன்

வாள் நல்லதா, கெட்டதா? வாளைக் கேட்டால் விடை வராது. அதைப் பிடித்திருக்கும் கையைத்தான் கேட்க வேண்டும் என்பர். சரி, கை நல்ல கையாக இருந்துவிட்டால் போதுமா? வல்லவன் நல்லவனாகவும் வாய்த்துவிட்டால், எளியோரின் இன்னல் தீர்ந்துவிடுமா? இதுவே நாம் எழுப்ப விரும்பும் கேள்வி. விடை தேட, அமெரிக்கச் சிறுவர்கள் பத்து சென்ட் கொடுத்து வாங்கிப் படித்த படக்கதை ஒன்றைத் துணைக்கு அழைக்கிறோம். "படக்கதையில் தத்துவமா?" என்று நகைக்க வேண்டாம், தோழர்களே! ஒரு சமுதாயம் எதற்காக ஏங்குகிறது என்பதை, அதன் சட்டப் புத்தகத்தைக் காட்டிலும் கதைப் புத்தகமே தெளிவாகச் சொல்லும்.

கிளீவ்லாந்து நகரில் இரு இளைஞர்கள். ஜெர்ரி சீகல் எழுதுவார்; ஜோ ஷஸ்டர் வரைவார். இருவரும் 1914இல் பிறந்தவர்கள். ஐரோப்பாவிலிருந்து குடியேறிய யூதக் குடும்பத்துப் பிள்ளைகள். ஆலைகள் மூடிக் கிடக்க, வேலையற்றோர் ரொட்டித் துண்டுக்காக வரிசையில் நின்ற காலம் அது. 1933 சனவரியில், தாமே நடத்திய சிற்றிதழில் அவர்கள் ஒரு கதை வெளியிட்டனர். ரொட்டி வரிசையில் நின்ற ஏழை ஒருவனுக்கு விஞ்ஞானி ஒருவன் புதுமருந்து கொடுக்கிறான். பிறர் மனத்தைப் படிக்கவும், ஆட்டிப் படைக்கவும் ஆற்றல் வருகிறது. வந்ததும் என்ன செய்தான் அந்த ஏழை? தன்னோடு பசித்து நின்றோரை நினைத்தானா? இல்லை, உலகை ஆளத் துடித்தான்! மருந்தின் வேகம் தணிந்ததும் பழைய வரிசைக்கே திரும்பினான். அந்தக் கொடியவனுக்கு அவர்கள் இட்ட பெயர்தான் சூப்பர்மேன்.

ஐந்தாண்டுகள் சென்றன. 1938 சூன் எனத் தேதியிட்டு வந்த 'ஆக்‌ஷன் காமிக்ஸ்' முதல் இதழில் அதே பெயர் மீண்டும் தோன்றியது. ஆள் வேறு! அழியும் கோள் ஒன்றிலிருந்து தந்தை விண்கலத்தில் ஏற்றி அனுப்பிய குழந்தை, இம்மண்ணில் வளர்ந்து ஒப்பற்ற வலியோன் ஆகிறான். தவம் கிடந்து பெற்ற வரமன்று அவன் வலிமை. தன் எடையைப் போலப் பன்மடங்கு சுமக்கும் எறும்பையும், நெடுந்தொலைவு தாவும் வெட்டுக்கிளியையும் காட்டி, அந்த ஆற்றலுக்குக் காரணம் கூற முயன்றனர் ஆசிரியர்கள். காரணம் முழுமையானதன்று, ஆயினும், காரணம் கூற வேண்டும் என்று கருதினார்களே, அது பாராட்டத்தக்கது.

அவன் முதன்முதலில் யாரோடு மோதினான்? வேற்றுலகப் பூதங்களோடு அன்று. குற்றமற்ற பெண்ணைக் கொலைத் தண்டனையிலிருந்து மீட்டான். மனைவியை அடித்த கணவனை அடக்கினான். தன்னலக்காரரின் கையாளாகிவிட்ட செனட்டரைத் தேடிச் சென்றான். மூன்றாவது இதழில், பாதுகாப்பற்ற சுரங்கத்துக்குள் அதன் முதலாளியையே சிக்கவைத்து, தொழிலாளி படும் பாட்டைப் பாடமாக்கினான். ஏங்கிய உள்ளங்கள் வரைந்த ஓவியமன்றோ இது! ஏளனம் செய்ய நமக்கு மனமில்லை.

இன்னொன்றும் கருதத்தக்கது. 1939இல் வந்த 'சூப்பர்மேன்' முதல் இதழில், அவனை எடுத்து வளர்த்தவர்கள் கெண்ட் எனும் எளிய முதிய இணையர் என்று கதை விரிகிறது. ஆற்றலை மனித இனத்துக்குத் துணையாகப் பயன்படுத்து என்று சொல்லிக் கொடுத்தவர்கள் அவர்களே. எண்ணிப் பாருங்கள்! தசையின் வலிமை பிறப்பில் வந்தது. நெஞ்சின் நேர்மை வளர்ப்பில் வந்தது. பிறப்பே பெருமை தரும் என்று பேசுவோர் எந்நாட்டில் இருந்தாலும், அவர்களுக்கு இக்கதை தரும் அடி சிறிதன்று.

ஆயினும், நம் கேள்வி அப்படியே நிற்கிறது. வளர்ப்பால் நல்லவனாகிவிட்ட வல்லவன் போதுமா?

எட்டாவது இதழைப் புரட்டுவோம். சேரிச் சிறுவர்கள் திருட்டில் இறங்குகிறார்கள். குற்றத்தின் வேர் சிறுவர் உள்ளத்தில் இல்லை, அவர்கள் வாழும் இடிந்த வீடுகளில் இருக்கிறது என்று கண்டுகொள்கிறான் சூப்பர்மேன். அருமையான கண்டுபிடிப்பு! அடுத்து என்ன செய்கிறான்? சேரியையே தகர்த்துத் தள்ளுகிறான். அரசு புது வீடுகள் கட்டித் தருகிறது. மகிழ்ச்சியான முடிவுதான். ஆனால், அங்கு வாழ்ந்தவர்களை யார் கலந்தார்கள்? எப்போது இடிப்பது, அதுவரை எங்கே தங்குவது, எத்தகைய வீடு வேண்டும் என்று அவர்களிடம் யார் கேட்டார்கள்? நன்மைதான் நடந்தது, அவர்களால் நடக்கவில்லை, அவர்களுக்கு நடந்தது. நாளை அதே கரம் தவறாக ஓங்கினால், தடுக்கும் உரிமை அவர்களுக்கு உண்டா? கேட்டுப் பெறாத நன்மையை, கேட்காமலே பறிக்கவும் முடியுமன்றோ?

இந்த ஐயம் ஆசிரியர்களின் உள்ளத்திலும் இருந்திருக்க வேண்டும். 1940 பிப்ரவரியில் 'லுக்' இதழுக்காக இரு பக்கக் கதை ஒன்றை ஆக்கினார்கள். இட்லரையும் ஸ்டாலினையும் தூக்கிக்கொண்டு பறக்கிறான் சூப்பர்மேன். நசுக்கிக் கொன்றிருக்கலாம், கொல்லவில்லை. ஜெனிவாவில் நாடுகளின் சங்கத்தின் முன் கொண்டுபோய் நிறுத்துகிறான்! மலையைப் பெயர்க்கும் கையும் மன்றத்தின் முன் கட்டுப்பட வேண்டும் என்பதை அக்காட்சி ஒப்புக்கொள்கிறது. தாளில் இரண்டே பக்கத்தில் முடிந்த போர், மண்ணில் 1945 வரை நீடித்துக் கோடிக்கணக்கான உயிர்களைக் குடித்தது. முடித்து வைக்க வானிலிருந்து எவரும் வரவில்லை. போராடி மடிந்த எளிய மனிதர்களே முடித்து வைத்தார்கள்.

இனி, அந்த வலியோனைப் படைத்தவர்களின் கதைக்கு வருவோம். முதல் கதைக்கும், அதன் முழு உரிமைக்குமாக அவர்கள் பெற்ற தொகை 130 டாலர். கதை கொழித்தது, வானொலி, திரைப்படம், பொம்மை எனப் பணம் குவிந்தது. 1947இல் நீதிமன்றம் சென்றனர். மறு ஆண்டே சமரசத்தில் முடிந்தது வழக்கு. உரிமை பதிப்பகத்திடமே தங்கியது. படைத்தவர்களின் பெயரும் ஏட்டிலிருந்து மறைந்தது. 1975இல் சீகல் சிறு சம்பள எழுத்தர். ஷஸ்டருக்குப் பார்வை மங்கிவிட்டது. குண்டு துளைக்காத வீரனைப் படைத்தவர்களை வறுமை துளைத்தது!

அவர்களைக் காக்க யார் வந்தார்? சீகல் தம் குறையை எழுதிச் செய்தித்தாள்களுக்கு அனுப்பினார். நீல் ஆடம்ஸ், ஜெர்ரி ராபின்சன் முதலிய சக ஓவியர்கள் தோள் கொடுத்தனர். செய்தி பரவிற்று, பொதுமக்களின் கண்டனம் எழுந்தது. அவ்வாண்டு டிசம்பரில் நிறுவனம் இணங்கியது: ஆளுக்கு ஆண்டுக்கு 20,000 டாலர் உதவித்தொகை, கதையில் மீண்டும் அவர்கள் பெயர். இழந்ததற்கு அது ஈடாகாது. ஷஸ்டர் 1992இலும், சீகல் 1996இலும் மறைந்தனர். அந்த 130 டாலரும் அடங்கிய பழைய காசோலைத் தாள், 2012இல் ஏலத்தில் 1,60,000 டாலருக்கு விலைபோயிற்று!

ஈடாகாவிடினும், கிடைத்தது எப்படிக் கிடைத்தது என்பதை மறக்கலாகாது. பேனா பிடித்தவன் பேசினான், தூரிகை பிடித்தவன் துணை நின்றான், படித்தவன் கேட்டான். பறக்கத் தெரிந்தவர் அவர்களில் ஒருவருமில்லை. வல்லவனின் இரக்கம் எவ்வளவு தூயதாயினும் அது கொடை. கொடுப்பவன் மனம் மாறினால் நின்றுவிடும். உரிமை அத்தகையதன்று, அது கேட்பவனின் குரலிலும், அவனோடு சேர்ந்து நிற்பவர்களின் எண்ணிக்கையிலும் நிலைபெறுவது.

ஆகவே, பிள்ளைகளின் கையிலிருந்து அந்தப் படக்கதையைப் பிடுங்கச் சொல்லவில்லை நாம். படிக்கட்டும், அநீதியைக் கண்டு அவர்கள் நெஞ்சு துடிக்கட்டும். படித்து முடித்ததும், அடிபட்ட அந்தப் பெண்ணும், சுரங்கத் தொழிலாளியும், சேரிச் சிறுவனும் சூப்பர்மேன் வராத நாளில் என்ன செய்திருக்கலாம் என்று மட்டும் கேட்போம். அவர்கள் சொல்லும் விடையைப் பொறுமையாகக் கேட்டு, எழுதி வைப்போம். நாளைய நீதிக்கான முதல் வரைவு அதில் இருக்கும்.