இரண்டு மௌனங்கள்

இவான் சுலுவேத்தாவின் 'அர்ரெபாதோ' (1979) படத்தில், உறங்கும் இளைஞனைத் தானாகவே படம்பிடிக்கும் சூப்பர் 8 காமிரா ஒன்று வருகிறது. சுருளைக் கழுவிப் பார்த்தால் ஒரு சட்டகம் மட்டும் சிவந்திருக்கிறது. சுருளுக்குச் சுருள் சிவப்பு கூடுகிறது. கடைசியில் ஆளே இல்லை. தலைப்பைப் 'பரவசம்' எனலாம். 'ஆட்கொள்ளப்படுதல்' என்றால் இன்னும் நெருங்கும். பக்தி இலக்கியம் படித்தவர்களுக்கு இந்த மயக்கம் புதிதல்ல.

பிராங்கோ 1975இல் இறந்தபின் மாட்ரிடில் கிளம்பிய 'மொவிதா' எதிர்க்கலாச்சார அலையின் இளையவர்களுக்கு சுலுவேத்தா அண்ணன் போன்றவர். அல்மொதோவாரின் தொடக்ககாலப் படங்களுக்குச் சுவரொட்டி வரைந்தவர். 'அர்ரெபாதோ'வுக்குப் பிறகு அவர் முழுநீளப் படம் எடுக்கவில்லை. ஹெராயின், சான் செபாஸ்தியானில் குடும்ப வீடு, தொலைக்காட்சிக்குச் சில சிறு படங்கள், 2009இல் மரணம். காமிரா கலைஞனையே விழுங்கிவிட்டதாம். இதைச் சொல்லும்போது நம் குரலில் ஒரு கிளர்ச்சி ஏறுகிறது.

அதே மாட்ரிட் திரைப்படப் பள்ளியில் படித்தவர் செசிலியா பார்த்தொலொமே. கணவனைப் பிரியும் பெண்ணைப் பற்றி 1969இல் அவர் எடுத்த 'மார்கரீத்தாவும் ஓநாயும்' தணிக்கையில் தடைபட்டது. முதல் முழுநீளக் கதைப்படத்துக்கு 1978 வரை காத்திருந்தார். அதிலும் ஒரு பெண் மணவாழ்வை விட்டு மகளோடு ஊர்ஊராகப் போகிறாள். அடுத்த கதைப்படம் 1996இல். இந்த இடைவெளிகளை யாரும் பரவசம் என்றழைத்ததில்லை. அவை வெறும் இடைவெளிகள்.

ஏன்? தன்னை இழக்க, முதலில் 'தன்' என்று ஒன்று கைவசம் வேண்டும். ஸ்பெயினில் 1975 வரை மணமான பெண் கணவனின் அனுமதியின்றி வங்கிக் கணக்குத் தொடங்க முடியாது. மணமீறல் 1978 வரை குற்றம். மணவிலக்குச் சட்டம் வந்தது 1981இல். மாட்ரிட் இரவுகள் கொண்டாட்டமாக இருந்த ஆண்டுகள்தாம் இவையும். எல்லை மீறியவனுக்கு எதிரே நின்றது சலிப்பு. அவளுக்கு எதிரே நின்றது சட்டப்புத்தகம்.

போதைப்பழக்கம் நோய்; அதை ஆண்களின் சலுகை என்று சொன்னால் அது கொடுமை. சுலுவேத்தாவின் முப்பதாண்டு இழப்பு பெரிது. நான் கேட்பது பார்வையாளர்களான நம்மைத்தான்: ஒருவர் அழிந்ததை அவருடைய கடைசிப் படைப்பாக எண்ணி ரசிக்க நமக்கு என்ன உரிமை? கலை மனிதரைத் தின்னலாம் என்று ஒப்புக்கொண்டால், யாரைத் தின்றது என்பதும் கணக்கில் வர வேண்டாமா?

இவ்வளவு சொல்லியும் அந்தப் படம் எனக்குப் பிடிக்கும். குறிப்பாக அனா. செசிலியா ரோத் நடித்த பாத்திரம். காதலன் ஹோசேயால் ஹெராயினுக்குப் பழகியவள். புரொஜெக்டர் வெளிச்சத்தில் பெட்டி பூப் பொம்மைபோல் அவனுக்காக ஆடுகிறாள். ஒரு நிமிடம் அவன் பார்க்கிறான், அவளும் மகிழ்கிறாள். பிறகு அவளை விட்டுவிட்டு அந்தக் காமிரா இருக்கும் அறைக்குப் போய்விடுகிறான். மறுநாள் அவள் எழுந்தாளா, ஊசியைத் தேடினாளா, வேலைக்குப் போனாளா என்று படம் கேட்கவில்லை.