தீக்காலத்தின் கடைசிக் கவளம்



"காலம் கெட்டுவிட்டது" என்னும் சொல்லை நாள்தோறும் கேட்கின்றோம். ஜினாலயத்திற்கு வருவோர் குறைந்தமைக்குக் காலமே காரணம் என்கின்றோம். இரவுணவை நீக்க இயலாமைக்கும், பிள்ளைகள் பஞ்ச நமஸ்காரம் அறியாமல் வளர்வதற்கும் அதனையே காரணம் காட்டுகின்றோம். காலம் உண்மையாகவே முற்றும் கெடுகின்ற நாள் ஒன்று உண்டு. அந்நாளில் நிகழ்வனவற்றை யதிவிருஷபாசாரியர் திலோயபண்ணத்தியிலும், நேமிசந்திர சித்தாந்த சக்கரவர்த்தி திரிலோகசாரத்திலும் விரித்துரைத்துள்ளனர். அவற்றை ஈண்டுச் சிறிது சிந்திப்போம்.

காலம் என்பது யாது? அஃது ஆறு திரவியங்களுள் ஒன்று. உலகாகாயத்தின் ஒவ்வொரு பிரதேசத்திலும் ஒவ்வொரு காலாணு, இரத்தினக் குவியலிலுள்ள மணிகளைப்போல் ஒன்றோடொன்று கலவாது நிற்கின்றது. குயவனின் சக்கரம் சுழல்வதற்கு அதன் அடியிலுள்ள கல் துணையாவது போலப் பொருள்கள் தாமே மாறுங்கால் காலம் துணைக்காரணமாக நிற்கின்றது. அந்தக் கல் சக்கரத்தைச் சுழற்றுவதும் இல்லை, பானையை வனைவதும் இல்லை. அவ்வாறே காலமும் எவரையும் பாவத்தில் தள்ளுவதில்லை.

பரத, ஐராவத க்ஷேத்திரங்களில் ஏறுகாலமும் இறங்குகாலமும் மாறிமாறி வருகின்றன. இறங்குகாலமாகிய அவசர்ப்பிணியில் நன்னற்காலம் முதல் தீத்தீக்காலம் ஈறாக ஆறு பகுதிகள் உள்ளன. கி.மு. 527இல் பாவாபுரியில் பகவான் மகாவீரர் வீடுபேறு எய்தினார். அதன்பின் 3 ஆண்டுகளும் எட்டரை மாதங்களும் கழிந்து ஐந்தாவதாகிய தீக்காலம் தொடங்கிற்று. அதன் அளவு 21,000 ஆண்டுகள். 1974இல் 2500ஆவது நிர்வாண மகோத்சவத்தை நாடெங்கும் கொண்டாடினோம். அதற்குப் பின் அரை நூற்றாண்டு கடந்துவிட்டது. எனினும் இத்தீக்காலத்தில் இன்னும் 18,400 ஆண்டுகளுக்கு மேல் எஞ்சியுள்ளன. நாம் இருப்பது தீக்காலத்தின் தொடக்கத்தில்தான், முடிவில் அன்று.

முடிவு எத்தகையது? மனிதரின் ஆயுள் 20 ஆண்டுகளாகக் குறுகிவிடும். சதுர்வித சங்கத்தில் நால்வரே எஞ்சுவர். வீராங்கஜர் என்னும் முனிவர், சர்வஸ்ரீ என்னும் ஆர்யாங்கனை, அக்கிலர் என்னும் சிராவகர், பங்குஸ்ரீ என்னும் சிராவகி ஆகியோரே அந்நால்வர். அப்பொழுது நாட்டை ஆள்பவன் ஜலமந்தனன் என்னும் கடைசிக் கல்கி. "என் ஆணைக்கு அடங்காதார் எவரேனும் உளரோ?" என அவன் அமைச்சரை வினவுவான். பொருளேதுமின்றிக் கையையே கலமாகக் கொண்டு உண்ணும் நிர்க்கிரந்த முனிவர் ஒருவர் உளர் என்பர் அவர்கள். அங்ஙனமாயின், அவர் கையில் இடப்படும் முதற் கவளத்தை வரியாகப் பெறுக என ஆணையிடுவான் அவன்.

முனிவர் அந்தக் கவளத்தைக் கொடுத்துவிடுவார். அவர் எதிர்த்துப் பேசுவதில்லை. எஞ்சிய உணவை உண்பதுமில்லை. அந்தராயம் நேர்ந்ததென உண்ணாது திரும்புவார். அப்பொழுது அவருக்கு அவதிஞானம் தோன்றும். தீக்காலம் முடிவுற்றதெனவும், தமக்கு எஞ்சியவை மூன்றே நாட்கள் எனவும் அறிந்து, ஏனைய மூவர்க்கும் உணர்த்துவார். நால்வரும் சல்லேகனை ஏற்றுச் சௌதர்ம கற்பத்தில் தோன்றுவர். அந்நாள் கார்த்திக அமாவாசை. பகவான் வீடுபேறு எய்தியதை நினைந்து, ஐப்பசியில் நாம் தீபாவளியாக விளக்கேற்றிப் போற்றும் அதே திதிதான் அது.

அன்று முற்பகலில் அறம் மறையும். நண்பகலில் அரசன் அசுரகுமார தேவனால் மாய்வான். கதிரவன் மறையும் வேளையில் நெருப்பும் உலகைவிட்டு நீங்கும். இவ்வரிசையை உற்று நோக்குங்கள். அறம் போன பின்னரே அரசு போயிற்று; அரசு போன பின்னரே அடுப்பும் அவிந்தது.

அடுத்து வருவது 21,000 ஆண்டுத் தீத்தீக்காலம். அக்காலத்து மக்களுக்கு வீடில்லை, ஆடையில்லை, உறவுமுறை இல்லை; மீன் முதலியனவே உணவு. அதன் இறுதியில் சம்வர்த்தகம் என்னும் பெருங்காற்று மலையையும் மரத்தையும் தூளாக்கும். பின்னர்ப் பனி, உவர்நீர், நஞ்சு, புகை, புழுதி, வச்சிரம், தீ ஆகிய ஏழும் ஏழேழு நாட்களாக 49 நாட்கள் பொழியும். அப்பொழுதும் உயிர்க்குலம் வேரற்றுப் போவதில்லை. தேவர்களும் வித்தியாதரர்களும் இரக்கங்கொண்டு 72 இணைகளையும் வேறு பல உயிர்களையும் விஜயார்த்த மலைக்குகைகளிலும், கங்கை, சிந்து நதிப்புறங்களிலும் சேர்ப்பர்.

பிறகு ஏறுகாலம் பிறக்கும். நீரும் பாலும் அமுதமும் மழையாகப் பொழிந்து மண்ணைக் குளிர்விக்கும். சிராவணத் தேய்பிறை முதல்நாள் தொடங்கி 49 நாட்கள் கழிந்தபின், பாத்ரபத வளர்பிறைப் பஞ்சமியில் மக்கள் வெளிவருவர் என்பது மரபு. தசலட்சண பர்வம் அந்நாளில் தொடங்குவதற்கும் இதனையே காரணமாகக் கூறுவர். ஆயினும் நெருப்பு உடனே மீள்வதில்லை. ஏறுகாலத்தின் இரண்டாம் பகுதியில் கடைசி ஆயிரம் ஆண்டுகளில் தோன்றும் குலகரர்களே தீமூட்டவும் சமைக்கவும் கற்பிப்பர். கணக்கிட்டால், அவிந்த அடுப்பு மீண்டும் எரிவதற்கு ஏறத்தாழ 62,000 ஆண்டுகள் ஆகும். அதன்பின் சிரேணிக மன்னனின் உயிர் மகாபத்மர் என்னும் முதல் தீர்த்தங்கரராகத் தோன்றும்.

அன்பர்களே! இத்துணைப் பேரழிவும் எங்கே தொடங்கிற்று? தீமழையில் அன்று, ஒரு பிடிச் சோற்றில். கொடுப்பவர் கைக்கும் ஏற்பவர் கைக்கும் இடையே பேராசை புகுந்த அன்றே உலகம் அழியத் தொடங்கிவிட்டது. அதற்கு முந்தைய நாள்வரை அறம் குறைவின்றி இருந்தது. நால்வரே இருந்தனர், ஆயினும் சங்கம் நான்கு உறுப்பும் நிறைந்தே இருந்தது. இருபதே ஆண்டு ஆயுளும் குறுகிய உடலும் கொண்ட அக்கிலரும் பங்குஸ்ரீயும், "காலம் கெட்டது, நாம் இருவர் என் செய்வோம்?" என்று ஆகாரதானத்தை நிறுத்தவில்லை. அவர்கள் இல்லத்து அடுப்பு எரிந்தது.

நாமும் சிறு எண்ணிக்கையினரே. ஊரைவிட்டு நகரங்களுக்கும் அயல்நாடுகளுக்கும் நம் இளைஞர்கள் சென்றுள்ளனர். சில ஊர்களில் நாள்பூசைக்கே ஆள் தேடவேண்டியுள்ளது. இதனைக் கண்டு கவலைப்படுதல் இயல்பு. ஆனால் கவலையைக் காலத்தின்மீது ஏற்றி அமர்ந்துவிடுதல் தகாது. அந்திக்கு முன் உண்ணல், நீரை வடிகட்டிப் பருகல், அதிதிக்கு ஈந்து உண்ணல், குழந்தைக்கு நமஸ்கார மந்திரம் கற்பித்தல் ஆகியவற்றுள் எதற்கு நான்காம் காலத்து உடல்வலிமை வேண்டும்? தொலைவிலுள்ள ஓர் அறையில் தனித்து வாழும் இளைஞனும் இவற்றைச் செய்யலாம்.

கடைசிக் கவளம் பறிபோகும் நாள் வெகுதொலைவில் உள்ளது. அதுவரை கவளம் இடும் கை நம்முடையதாக இருக்கட்டும்.

வாழ்க ஜினதர்மம்! வளர்க ஜீவகாருண்யம்!