முப்பாட்டன் வாயில் யாருடைய சொல்?

திருவனந்தபுரத்திலிருந்து விதுரை வழியாகப் பொன்முடிக்குப் போகிறவர்கள் கல்லாற்றில் கொஞ்ச நேரம் நிற்காமல் போவதில்லை. உருண்டைப் பாறைகளுக்கு நடுவே ஓடும் தண்ணீரில் கால் நனைத்துவிட்டு வண்டி ஏறினால், அடுத்து 22 கொண்டை ஊசி வளைவுகள். மேலே தேயிலை. தேயிலை இருக்கிற இடத்தில் தொழிலாளர் குடியிருப்பான லயம் இருக்கும், லயத்தில் தமிழும் இருக்கும். வெள்ளைக்காரத் துரைகள் திருவிதாங்கூர் மலைகளில் தோட்டம் போட்ட காலத்தில், ஆள் சேர்த்த கங்காணிகளின் பின்னால் நடந்து வந்த குடும்பங்கள் விட்டுச்சென்ற தமிழ் அது.

அப்படி வந்த ஒருவரின் கொள்ளுப்பேத்தி இன்று படித்து, வேலைக்குப் போய், முப்பாட்டனைப் பற்றி ஒரு நாவல் எழுத நினைக்கிறாள் என்று வைத்துக்கொள்வோம். அவள் கையில் என்ன இருக்கும்? எழுத்தர் காதில் விழுந்தபடி செக்ரோலில், அதாவது தோட்டத்து வருகைப் பதிவேட்டில், ஏறிய ஒரு பெயர் கிடைக்கலாம். பாட்டி சொன்ன இரண்டு சம்பவங்கள் இருக்கலாம், அவையும் ஒன்றோடொன்று முரண்படலாம். மற்றதெல்லாம் அவளே கட்ட வேண்டியது. செத்துப்போனவர் வாயில் அவர் சொல்லாத சொல்லை வைக்க உயிரோடிருக்கிறவளுக்கு உரிமை உண்டா? ரத்த உறவு அந்த உரிமையைத் தருகிறதா, இல்லை கையைக் கட்டுகிறதா?

பார்க்க இலக்கியக் கேள்வி. அடியில் இருப்பது பிதுர்க்கடன். திருக்குறளின் இல்வாழ்க்கை அதிகாரம் பேணவேண்டிய ஐவரைச் சொல்லும்போது இறந்த முன்னோர்களான தென்புலத்தாரைத்தான் முதலில் வைக்கிறது. பின்னால் வருகிறவர்களின் நன்மை தீமை இறந்தவர்களைத் தொடுமா என்று அரிஸ்டாட்டிலும் யோசித்திருக்கிறார். கொஞ்சம் தொடும், அதிகமில்லை என்று பட்டும் படாமலும் பதில் சொன்னார்.

கடல் கடந்தவர்களுக்காவது காகிதம் இருக்கிறது. 1860 நவம்பர் 16-ல் சென்னையிலிருந்து டர்பனுக்குப் போய்ச் சேர்ந்த 'ட்ரூரோ' கப்பல் தொடங்கி 1911 வரை நேட்டாலுக்கு 1,52,184 பேர் ஒப்பந்தக் கூலிகளாகக் கப்பலேறினார்கள். பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, ஊர், உடம்பில் உள்ள தழும்பு வரை எழுதிவைத்தார்கள். ஆளை அடையாளம் பிடிப்பதற்காக எழுதியது, இன்று கொள்ளுப்பேரர்களுக்கு வம்சாவளி. மலை ஏறி வந்தவருக்குக் கப்பல் இல்லை, ஆகவே பட்டியலும் இல்லை. கல்லாற்றுக்கு மேலே வந்தவரின் கதையில் வெற்றிடம் இன்னும் பெரிது.

வெற்றிடத்தை என்ன செய்வது என்பதற்குச் சடங்கில் ஒரு பழைய பதில் உண்டு. தர்ப்பணத்தில் தந்தை, பாட்டன், முப்பாட்டன் பெயர்களைச் சொல்லி எள்ளும் தண்ணீரும் விட வேண்டும். பெயர் தெரியாவிட்டால் மண்ணில் இருப்பவர், இடைவெளியில் இருப்பவர், விண்ணில் இருப்பவர் என்று சொல்லிக் கொடுக்கலாம். தெரிந்தவர், தெரியாதவர் இரு சாராருக்கும் பங்கு உண்டு. யாருமே இல்லாமல் செத்தவருக்கும் உண்டு. தெரியாத பெயருக்குப் பதிலாக ஒரு நல்ல பெயரைக் கற்பித்துக்கொள்ள மட்டும் இடமில்லை. தெரியாததைத் தெரியாதது என்றே சொல்லிக் கடனைத் தீர்க்கலாம்.

கோத்திரம் சொல்லித் தொடங்கும் சடங்கில் லயத்துப் பேரனுக்கு என்ன வேலை என்று யாராவது கேட்டால் அது நியாயமான கேள்வி. அவனுடைய முன்னோர்களுக்கு வில்லுப்பாட்டு இருந்தது. கல்லாறு இருக்கும் அகத்தியமலைத் தொடரின் மறுபக்கம், பாபநாசத்துக்கு மேலே, காரையாற்றில் சொரிமுத்தையனார் கோயில். ஆடி அமாவாசையில் அங்கே பெருங்கூட்டம். மலைக்கு இந்தப் பக்கம் வர்க்கலைக் கடற்கரையிலும் திருவல்லத்திலும் கர்க்கடக வாவு பலி நடப்பதும் அந்த அமாவாசையில்தான். சொரிமுத்தையனார் கோயிலில் பட்டவராயன் என்று வழிபடப்படும் முத்துப்பட்டன், கேரளப் பக்கம் அரசரிடம் வேலை பார்த்துத் திரும்பிய பிராமணன். வழியில் பொம்மக்கா, திம்மக்கா என்ற சக்கிலியப் பெண்களைக் கண்டு, பூணூலை அறுத்து, செருப்புத் தைக்கக் கற்று அவர்களை மணந்தான். மாமனாரின் மாடுகளைக் காக்கப் போய் வெட்டுப்பட்டுச் செத்தான். இன்றும் பக்தர்கள் அவனுக்குச் செருப்பைத்தான் காணிக்கையாக வைக்கிறார்கள்.

வில்லிசைப் புலவர் அவன் பேசாத பேச்சையெல்லாம் அவன் குரலிலேயே பாடுகிறார். அதை யாரும் பொய் என்பதில்லை. குமரி, நெல்லைப் பகுதிகளில் இந்தக் கலையை ஆராய்ந்து 1988-ல் புத்தகம் எழுதிய ஸ்டூவர்ட் பிளாக்பர்ன் கவனித்த ஒன்று இங்கே முக்கியம்: சாவைப் பாடும் கட்டத்தில்தான் சாமியாடி மேல் அருள் இறங்கும். கதைக்கு உரியவரே கேட்க வந்து நிற்கிறார் என்ற நம்பிக்கையில் பாடும் பாட்டு அது. உரியவர் கேட்கிறார் என்ற இந்த அச்சம் நாவலாசிரியருக்குக் கிடையாது, இருந்தால் நல்லது.

அந்த அச்சத்தையும் மீறி ஒரு திருட்டு நடந்திருக்கிறது. அந்தப் பெண்கள் உண்மையில் பிராமணக் குழந்தைகள், காட்டில் விடப்பட்டுச் சக்கிலியர் வீட்டில் வளர்ந்தவர்கள் என்று சில பாடங்களில் ஒரு பிறப்புக் கதை சேர்ந்திருக்கிறது. அது பிற்காலத்து ஒட்டு என்று ஆய்வாளர் நா. வானமாமலை எடுத்துக்காட்டினார். முத்துப்பட்டன் சாதியை விட்டதுதான் கதை. அந்த ஒட்டைச் சேர்த்தபின் அவன் எதையும் விடவில்லை.

முன்னோரைப் பற்றிய புனைவு தவறுவது பெரும்பாலும் இங்கேதான். இடைவெளியை நிரப்புவது குற்றமில்லை, நம்முடைய கௌரவத்தைக் கொண்டு நிரப்புவதுதான் குற்றம். குடும்பக் கதைகளில் முப்பாட்டன்கள் எல்லோரும் நிலக்கிழார்களாக இருந்து ஏமாற்றப்பட்டவர்கள்; முப்பாட்டிகள் எல்லோரும் கற்புக்கரசிகள். பசிக்குப் பயந்தோ, சாதிக்குப் பயந்தோ, கட்டினவனைப் பிடிக்காமலோ ஓடிவந்தவர் ஒருவர்கூட அகப்படுவதில்லை.

அலெக்ஸ் ஹேலி 1976-ல் 'ரூட்ஸ்' எழுதினார். அதில் முன்னோராக வரும் குண்டா கிண்டேயைக் கற்பனை செய்ததற்காக அவரை யாரும் கோபித்துக்கொள்ளவில்லை. சிக்கல் வேறு இடத்தில்: வம்சாவளி ஆதாரத்தோடு நிரூபணமானது என்று சொன்னார், ஆய்வாளர்கள் தேடியபோது அது நிற்கவில்லை. ஹரால்டு கூர்லாண்டரின் நாவலிலிருந்து சில பகுதிகள் வந்திருந்ததற்காக 1978-ல் ஆறரை லட்சம் டாலர் கொடுத்து வழக்கைத் தீர்த்துக்கொண்டார்.

எழுத்தாளர் கயூத்ரா பகதூர் எதிர்த்திசையில் போனவர். அவருடைய கொள்ளுப்பாட்டி சுஜாரியா 1903-ல் கல்கத்தாவில் கப்பலேறி பிரிட்டிஷ் கயானாவுக்குப் போனார். கூட ஆண்துணை இல்லை, வயிற்றில் பிள்ளை. ஏன் போனார்? 2013-ல் வந்த 'கூலி உமன்' நூலில் பகதூர் அதற்கு ஒரு விடையைக் கற்பிக்கவில்லை. கேள்விகளையே வரிசையாக அடுக்கிவிடுகிறார். அந்தப் பக்கங்களில் சுஜாரியா எந்த நாவல் நாயகியையும்விட உயிரோடு இருக்கிறார்.

நம் ஊர் உதாரணம் டாக்டர் பி. எச். டேனியலின் 'ரெட் டீ'. வால்பாறைத் தோட்ட மருத்துவராக இருந்து, பழைய தொழிலாளர்கள் சொல்லக் கேட்டதை வைத்து 1969-ல் எழுதிய நாவல்; இரா. முருகவேள் மொழிபெயர்ப்பில் 'எரியும் பனிக்காடு'. சம்பவம் கேட்டது, பாத்திரம் கட்டியது, இரண்டும் அதில் பொருந்தி நிற்கின்றன. 2013-ல் பாலாவின் 'பரதேசி' படம் அதையே எடுத்தபோது, நாவலில் மனிதாபிமானியாக வரும் மருத்துவர் ஆடிப்பாடி மதம் மாற்றுகிறவராகிவிட்டார். கலைஞனுக்குச் சுதந்திரம் உண்டு என்று சொல்லி இதைக் கடந்துபோக முடியவில்லை. தோட்டத்து ஜனங்களுக்கு மருந்து கொடுத்தவர்களுக்கும் தென்புலத்தில் ஓர் இடம் உண்டே.

கல்லாற்றுக் கொள்ளுப்பேத்திக்கு இன்னொரு கணக்கும் இருக்கிறது. முப்பாட்டன் காட்டை வெட்டித் தோட்டமாக்கினார் என்று பெருமையாக எழுதும்போது அது யார் இருந்த காடு என்பதையும் எழுத வேண்டிவரும். பழங்குடிகளான காணிக்காரர்கள் அங்கே முன்பே இருந்தார்கள், இன்றும் இருக்கிறார்கள். 2018-ல் பத்மஸ்ரீ பெற்ற வைத்தியர் லட்சுமிக்குட்டி கல்லாற்றுக் காணி மூதாட்டிதான். மருந்தறிவைத் தாயிடம் கேட்டுக் கற்றவர். சுரண்டப்பட்டவரின் கோடாரியும் இன்னொருவரின் காட்டில்தான் விழுந்தது. இதை விட்டுவிட்ட நாவல் பாதிக் கடனைத்தான் தீர்க்கிறது.

எழுத நினைக்கிறவர்கள் முதல் அத்தியாயத்துக்கு முன்னால் லயத்து முதியவர்களிடம் போய் உட்காரட்டும். எந்த ஊர் என்று கேட்டால் மறந்திருக்கலாம். குலதெய்வம் எது, கொடைக்கு எந்த ஊருக்குப் போவீர்கள் என்று கேட்டால் பலருக்கு நினைவிருக்கும். கப்பல் பட்டியல் இல்லாதவர்களுக்கு அந்த மாடனும் இசக்கியும்தான் பதிவேடு. சொன்னவர் பெயரையும் கேட்ட தேதியையும் எழுதிக்கொள்ளுங்கள். நாவல் பிறகு வரட்டும்.