‘லெட்’: ஒரு சின்ன வார்த்தை, ஒரு பெரிய கேள்வி



தியான வேதபகுதி: யாத்திராகமம் 5:1-5

பிரியமானவர்களே, சில வாரங்களுக்கு முன் உபவாச ஜெபம் முடிந்த நேரம். வளைகுடாவுக்கு வேலைக்குப் போகிற நம் சபைச் சகோதரர் ஒருவர், புதிதாக வந்த பாஸ்போர்ட்டோடு குடும்பமாய் என்னிடம் வந்தார். "பாஸ்டர், இதன்மேல கைவச்சு ஜெபம் பண்ணுங்க" என்றார். ஜெபித்து ஆமென் சொல்லித் தலையை நிமிர்த்தினால், ஒன்பதாவது படிக்கிற அவருடைய மகன் பாஸ்போர்ட்டைப் பிரித்து வாசித்துக்கொண்டிருக்கிறான்.

"பாஸ்டர், இதுல தப்பா போட்டிருக்காங்க" என்றான்.

என்னப்பா தப்பு என்று கேட்டேன். ஜனாதிபதியின் பெயரால் அதில் ஒரு வேண்டுகோள் அச்சிடப்பட்டிருக்கும். இதை வைத்திருப்பவரைத் தாராளமாய்ப் போக அனுமதியுங்கள், தேவையான உதவியும் பாதுகாப்பும் கொடுங்கள் என்பது அதன் கருத்து. அந்த வாக்கியத்தின் நடுவில் ‘லெட்’ இல்லாமல் என்று ஆங்கிலத்தில் வருகிறது. பையன் கேட்டான்: "லெட்னா விடுறதுதானே பாஸ்டர்? லெட் இல்லாமன்னா, விடாம போகணும்னு அர்த்தமா?"

அப்பா சிரித்தார், அம்மா சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்தக் கேள்வி அன்றைக்கு ராத்திரி முழுவதும் என்னை விடவில்லை.

இரண்டு வார்த்தை, ஒரே சத்தம்

பையனுக்கு நான் சொன்ன பதில் இதுதான். பழைய ஆங்கிலத்தில் இரண்டு வார்த்தைகள் இருந்தன. ஒன்றுக்கு விடு, அனுமதி என்று பொருள். மற்றதற்குத் தடு, தாமதப்படுத்து என்று பொருள். ‘லேட்’ என்று நாம் தினம் சொல்கிறோமே, அந்த வார்த்தைக்கு இந்த இரண்டாவது வார்த்தை நெருங்கிய உறவு. காலப்போக்கில் இரண்டும் ஒரே உச்சரிப்பாகி, ஒரே எழுத்தில் ‘லெட்’ என்று நின்றுவிட்டன. ஒரே வார்த்தை, நேர் எதிரான இரண்டு அர்த்தம்! இன்றைக்குத் தடை என்கிற அர்த்தம் பாஸ்போர்ட் போன்ற சட்ட வாசகங்களிலும், டென்னிஸ் போன்ற விளையாட்டுகளிலும்தான் மிச்சம் இருக்கிறது.

ஆனால் 1611-ல் அச்சான கிங் ஜேம்ஸ் ஆங்கில வேதாகமத்தில் இரண்டு அர்த்தமும் உயிரோடிருக்கின்றன. ரோமாபுரிக்கு வர விரும்பியும் இதுவரை தடைபட்டேன் என்று பவுல் எழுதுகிற இடத்தில் (ரோமர் 1:13) ‘லெட்’ என்றுதான் இருக்கிறது. 2 தெசலோனிக்கேயர் 2:7-ல் தடைசெய்கிறவனைக் குறித்தும் இதே வார்த்தை. இன்றைய ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர் அதை வாசித்தால், அனுமதிக்கிறவன் என்று தலைகீழாய்ப் புரிந்துகொள்வார். அதனால்தான் 1982-ல் வெளிவந்த புதிய கிங் ஜேம்ஸ் மொழிபெயர்ப்பில் அந்த வார்த்தையை மாற்றிவிட்டார்கள். நம் தமிழ் வேதாகமத்தில் இந்தக் குழப்பமே இல்லை. கர்த்தருக்கு ஸ்தோத்திரம்!

மோசேயின் வாயிலும் பார்வோனின் வாயிலும்

இப்போது யாத்திராகமம் 5-ம் அதிகாரத்துக்கு வாருங்கள். முதலாம் வசனத்தில் மோசேயும் ஆரோனும் பார்வோன் முன்னே நிற்கிறார்கள். வனாந்தரத்தில் பண்டிகை கொண்டாடும்படி என் ஜனத்தைப் போகவிடு என்று கர்த்தர் கேட்கிறார். கிங் ஜேம்ஸில் அங்கே ‘லெட்’. சரி, அடுத்து நாலாம் வசனத்தைப் பாருங்கள். பார்வோன் திருப்பிக் கேட்கிறான்: ஏன் இந்த ஜனங்களை வேலைசெய்ய விடாமல் தடுக்கிறீர்கள்? அங்கேயும் அதே ‘லெட்’!

கவனித்தீர்களா, தேவபிள்ளைகளே? நடுவில் இரண்டே வசனம். தேவன் சொன்னபோது அந்த வார்த்தைக்கு விடுதலை என்று அர்த்தம். பார்வோன் சொன்னபோது தடை என்று அர்த்தம். தேவன் விடுதலை என்று பார்த்ததைப் பார்வோன் இடைஞ்சல் என்று பார்த்தான். செங்கல் கணக்குக் குறைந்துபோகுமே என்பதுதான் அவன் கவலை. ஜனங்களுடைய கண்ணீர் அவன் கணக்கில் வரவில்லை.

இன்றைக்கும் அப்படித்தானே? மருமகள் ஜெபக்கூட்டத்துக்குப் போகிறேன் என்றால், அது அவளுக்கு ஆத்தும விடுதலை. வீட்டில் இருக்கிறவர்களுக்கோ, சாயங்கால அடுப்புக்குத் தடை. மகள் வெளியூரில் தங்கி நர்சிங் படிக்கிறேன் என்றால், அது அவளுக்குக் கர்த்தர் திறந்த வாசல். நமக்கோ, "நாலு பேர் என்ன சொல்வாங்க?" வார்த்தை ஒன்றுதான். அதைப் பேசுகிற வாய் யாருடையது என்பதுதான் கேள்வி.

‘இருக்கட்டும்’ என்கிற மூன்று இடங்கள்

ஆங்கிலத்தில் ‘லெட்’ செய்கிற வேலையை நம் தமிழில் பல இடங்களில் ‘-ட்டும்’ செய்கிறது. வரட்டும், போகட்டும், இருக்கட்டும். இந்த ‘இருக்கட்டும், விட்டுவிடு’ என்கிற பேச்சு வேதத்தில் மூன்று இடங்களில், மூன்று விதமாய் வருகிறது. கிங் ஜேம்ஸில் மூன்றிலும் ‘லெட்’தான்.

ஒன்று, கனி கொடாத அத்திமரம் (லூக்கா 13:8). வெட்டிப்போடச் சொன்ன எஜமானிடம் தோட்டக்காரன் கெஞ்சுகிறான். இந்த ஒரு வருஷமும் இருக்கட்டும் ஐயா, நான் சுற்றிலும் கொத்தி எரு போடுகிறேன் என்கிறான். இது கிருபையின் ‘இருக்கட்டும்’. அந்த மரத்துக்காகத் தோட்டக்காரன் கையில் மண்வெட்டியை எடுக்கிறான் பாருங்கள்.

இரண்டு, பெத்தானியாவில் பரிமளதைலத்தை ஊற்றின ஸ்திரீ (மாற்கு 14:6). சுற்றியிருந்தவர்கள் அவள்மேல் முறுமுறுத்தபோது, அவளை விட்டுவிடும்படி இயேசு சொன்னார். இது பாதுகாப்பின் ‘விட்டுவிடு’. அவளுக்கும் அவளைக் குறைசொன்னவர்களுக்கும் நடுவில் ஆண்டவரே நின்றுகொண்டார்.

மூன்று, விக்கிரகங்களோடு இணைந்துபோன எப்பிராயீம் (ஓசியா 4:17). அவனை விட்டுவிடு என்கிறார் தேவன். இது நியாயத்தீர்ப்பின் ‘விட்டுவிடு’. கேட்கும்போதே சரீரம் நடுங்குகிறது! கர்த்தர் நம்மைக் கண்டிக்கிறபோது வலிக்கிறதுதான். ஆனால் அவர் கண்டிக்காமல் விட்டுவிடுவது அதைவிடப் பயங்கரம். உங்கள் தவறை இன்றைக்கும் ஆவியானவர் குத்தி உணர்த்துகிறாரா? அல்லேலூயா சொல்லுங்கள். உங்களை அவர் இன்னும் விட்டுவிடவில்லை.

கீழே இறக்கிவிடப்பட்டவர்கள்

‘லெட் டவுன்’ என்று ஒரு பேச்சு உண்டு. நம்ப வைத்துக் கைவிட்டுவிட்டான் என்று இன்றைக்கு அதற்குப் பொருள். வேதத்தில் அது கீழே இறக்கிவிடுவது. ராகாப் வேவுகாரரைக் கயிற்றினால் ஜன்னல் வழியாய் இறக்கிவிட்டாள். மீகாள் தாவீதை ஜன்னல் வழியாய் இறக்கிவிட்டாள். நாலு பேர் கூரையைப் பிரித்துத் திமிர்வாதக்காரனை இயேசுவின் முன்பாக இறக்கினார்கள். தமஸ்குவில் சீஷர்கள் பவுலைக் கூடையில் வைத்து மதில் வழியாய் இறக்கிவிட்டார்கள். இவர்களில் ஒருவரும் கைவிடப்படவில்லை. எல்லாரும் தப்புவிக்கப்பட்டார்கள், அல்லது சுகமானார்கள்.

எரேமியாவையும் கயிறு கட்டித்தான் துரவில் இறக்கினார்கள் (எரேமியா 38:6). அது சேறு, அது துரோகம், உண்மைதான். ஆனால் கொஞ்ச நாளில் எபெத்மெலேக்கு கந்தைத் துணிகளோடும் கயிறுகளோடும் வந்து அவரை மேலே தூக்கிவிட்டான். கீழே இறக்குகிறது மனுஷனுடைய கயிறு என்றால், மேலே தூக்குகிற கயிறு கர்த்தரிடத்தில் இருக்கிறது. வேலையிலிருந்து இறக்கப்பட்ட சகோதரனே, குடும்பத்தில் தள்ளப்பட்ட சகோதரியே, சோர்ந்துபோகாதே!

டூ-லெட் போர்டு

நம் ஊர்த் தெருக்களில் வீட்டு வாசலில் தொங்குகிற ‘டூ-லெட்’ போர்டிலும் இதே வார்த்தைதான். வீடு காலி, வாடகைக்கு விடப்படும் என்று அர்த்தம். மத்தேயு 12-ல் ஆண்டவர் ஒரு காலி வீட்டைப் பற்றிச் சொன்னார். பெருக்கியிருக்கிறது, ஜோடித்திருக்கிறது, ஆனால் உள்ளே ஆள் இல்லை. வெளியே போன அசுத்த ஆவி, தன்னிலும் பொல்லாத வேறு ஏழு ஆவிகளைக் கூட்டிக்கொண்டு வந்து குடியேறுகிறது.

குடியை விட்டேன், சினிமாவை விட்டேன் என்று சாட்சி சொல்கிறோம். நல்லது, ஸ்தோத்திரம். ஆனால் விட்டது போதாது. உள்ளே யாரை விட்டோம்? பரிசுத்த ஆவியானவருக்கும் பதினோரு மாத ஒப்பந்தம் போட்டு ஒரு அறையை மட்டும் வாடகைக்கு விடுகிறவர்கள் உண்டு. ஞாயிற்றுக்கிழமைக்கு மட்டும் சாவி! அவர் வாடகைக்காரராய் வரமாட்டார். வீட்டையே எழுதிக் கேட்கிறார்.

என்னுடைய ‘இருக்கட்டும்’

பிரியமானவர்களே, பிறருக்குப் பிரசங்கித்துவிட்டு நான் ஒளிந்துகொள்ளக் கூடாது. அந்த ராத்திரி என்னைத் தூங்கவிடாதது இதுதான்.

சில வருஷங்களுக்கு முன் நம் சபையில் ஒரு சகோதரி இருந்தார்கள். தையல் வேலை செய்கிறவர்கள். அதிகப் படிப்பு இல்லை. ஒருநாள் ஆராதனை முடிந்து வந்து, "பாஸ்டர், எங்க தெருவுல சாயங்காலம் பிள்ளைங்க சும்மா சுத்திட்டிருக்குதுங்க. எங்க வீட்டுத் திண்ணையில உட்கார வச்சு பாட்டும் வசனமும் சொல்லித்தரட்டுமா?" என்று கேட்டார்கள்.

சொல்லித்தரட்டுமா! அந்த ஒரு ‘ட்டும்’ என் பதிலுக்காகக் காத்திருந்தது.

நான் என்ன சொன்னேன் தெரியுமா? "இருக்கட்டும் சிஸ்டர், ஜெபிப்போம், பார்க்கலாம்." அவர்களுக்குப் பயிற்சி இல்லையே என்று யோசித்தேன். வெகுநாளாய் ஊழியம் செய்கிறவர்கள் மனஸ்தாபப்படுவார்களோ என்றும் யோசித்தேன். சத்தியமாய்ச் சொல்கிறேன், அதற்காக நான் ஒருநாளும் ஜெபிக்கவில்லை. வேண்டாம் என்று சொல்லவும் இல்லை. தாமதப்படுத்தினேன், அவ்வளவுதான். அவர்கள் மறுபடியும் இரண்டு முறை கேட்டார்கள். அதே ‘இருக்கட்டும்’. மூன்று வருஷம் ஓடிப்போனது. அவர்கள் கணவருக்கு வேறு ஊருக்கு மாற்றல் வந்தது. புறப்படுகிற அன்று ஜெபிக்கப் போனேன். குறையாக ஒரு வார்த்தை சொல்லவில்லை. "அந்தப் பிள்ளைங்களை மறந்துடாதீங்க பாஸ்டர்" என்று மட்டும் சொன்னார்கள்.

பிறகு நான் அந்தத் தெருவுக்குப் போனேன். அப்போது எட்டு, ஒன்பது வயதாய் இருந்த பையன்கள் இப்போது மீசை அரும்பத் தெருமுனையில் நிற்கிறார்கள். வாங்கப்பா என்றேன். திண்ணையில் உட்காருகிற வயசு அவர்களுக்குப் போய்விட்டது. பிள்ளைகளை இயேசுவினிடத்தில் வரவிடாமல் அதட்டின சீஷர்களைப் பற்றி எத்தனை முறை பிரசங்கித்திருக்கிறேன்! அவர்கள் கோபமாய் அதட்டினார்கள். நான் மரியாதையாய், ஜெபம் என்ற பெயரால் தடுத்தேன். ‘லெட்’டும் ‘லேட்’டும் சொந்தம் என்று பையனுக்குச் சொல்லிக்கொடுத்த வாய்தான் அந்தப் பதிலையும் சொன்ன வாய்.

அழுதேன். அப்போது அந்தப் பையன் சொன்ன இன்னொன்று ஞாபகம் வந்தது. டென்னிஸில் போட்ட சர்வீஸ் வலையில் உரசிச் சரியான கட்டத்தில் விழுந்தால், ‘லெட்’ என்பார்களாம். தடைபட்டது என்று அர்த்தம். தவறாக எண்ணமாட்டார்கள். அந்தப் பந்தை மறுபடியும் போடச் சொல்வார்கள். யோனாவுக்கும் கர்த்தருடைய வார்த்தை இரண்டாந்தரம் உண்டானது அல்லவா? என்னுடையது தவறுதான். ஆனாலும் மறுபடியும் போடச் சொல்லுகிற ஆண்டவர் நமக்கு இருக்கிறார். இப்போது அதே தெருவில் சனிக்கிழமை சாயங்காலம் வகுப்பு நடக்கிறது. அந்தப் பையன்களுடைய தம்பி தங்கைகள் வந்து உட்காருகிறார்கள். பெரியவர்களுக்காக நான் இன்னும் ஜெபித்துக்கொண்டிருக்கிறேன்.

கட்டவிழ்த்து விடுங்கள்

சிருஷ்டிப்பின் அதிகாரத்தை ஆங்கிலத்தில் வாசித்துப் பாருங்கள். வெளிச்சம் தொடங்கி மனுஷன் வரை எட்டுக் கட்டளைகள். எட்டும் ‘லெட்’ என்றே தொடங்குகின்றன. தமிழில் ‘உண்டாகக்கடவது’ என்று வாசிக்கிறோம். தேவன் வாய் திறந்தால் ஒன்று உண்டாகிறது. நாம் வாய் திறந்தால் என்ன ஆகிறது?

கெத்செமனே தோட்டத்தில் போர்ச்சேவகர் வந்தபோது, என்னைத் தேடினால் இவர்களைப் போகவிடுங்கள் என்று நம் ஆண்டவர் சொன்னார் (யோவான் 18:8). மறுநாள் காலையில் ஜனக்கூட்டம் அவரைச் சிலுவையில் அறையச்சொல்லிக் கூவினபோது, கிங் ஜேம்ஸில் அந்தக் கூக்குரலும் ‘லெட்’ என்றே தொடங்குகிறது. அவர் நம்மைப் போகவிடச் சொன்னார். நாமோ அவரை அறையச் சொன்னோம். அவர் பிடிபட்டதினாலே நாம் விடப்பட்டோம்!

கடைசியாக, லாசருவின் கல்லறை. மரித்தவனை உயிரோடு எழுப்பினது இயேசு. பிரேதச் சீலைகளையும் அவரே ஒரு வார்த்தையில் அறுத்திருக்கலாம். ஆனால் கட்டவிழ்த்துப் போகவிடுகிற வேலையைப் பக்கத்தில் நின்றவர்களிடம் கொடுத்தார் (யோவான் 11:44). உயிர் கொடுப்பது அவர் வேலை. கட்டை அவிழ்ப்பது சபையின் வேலை.

தகப்பனே, தாயே, மாமியாரே, மூப்பரே, உடன் ஊழியனே! உங்களிடத்தில் "செய்யட்டுமா?" என்று கேட்டுக் காத்திருக்கிறவர் யார்? இந்த வாரமே அவரிடம் போய்ப் பதில் சொல்லுங்கள்.

ஜெபம்: அன்பின் பரலோகப் பிதாவே, நீர் விடுதலையாக்கினவர்களை நாங்கள் கட்டிவைத்த பாவத்தை மன்னியும். எங்கள் ‘இருக்கட்டும்’ தோட்டக்காரனுடைய ‘இருக்கட்டும்’ ஆகட்டும். கையில் மண்வெட்டியோடு சொல்ல எங்களுக்குக் கிருபை தாரும். இயேசுவின் நாமத்தில் கேட்கிறோம் ஜீவனுள்ள நல்ல பிதாவே. ஆமென்.