கொடையும் உரிமையும்

கவிஞனுக்கு ஏடும் எழுதுகோலும் போதும். திரைப்படக் கலைஞனுக்கோ கருவிகள் வேண்டும், பலர் உழைப்பு வேண்டும், பெரும்பொருள் வேண்டும். பொருள் கொடுத்தவருக்குப் படைப்பின்மீதும் உரிமை உண்டா?

இவ்வினாவுக்குக் கேரளத்தில் ஒரு விடை கிடைத்தது. ‘அக்கிரகாரத்தில் கழுதை’ (1977) என்னும் தமிழ்ப்படத்தை இயக்கிய ஜான் ஆபிரகாமும் நண்பர்களும் 1984இல் கோழிக்கோட்டில் ‘ஒடேசா’ என்னும் மக்கள் திரைப்பட இயக்கத்தைத் தொடங்கினர். இலாபம் அதன் நோக்கமன்று. ஊர்தோறும் நல்ல படங்களைத் திரையிட்டு, மக்களிடம் சிறுசிறு தொகையாக நன்கொடை திரட்டினர். அப்பணத்தில் 1986இல் ‘அம்ம அறியான்’ உருவாயிற்று. அப்படம் கொடுத்தோரின் புகழைப் பாடவில்லை. இறந்த இளைஞன் ஒருவனின் செய்தியை அவன் தாய்க்கு உரைக்கச் செல்லும் நண்பர்களின் பயணத்தைக் காட்டி, அக்காலச் சமுதாயத்தையே வினவியது.

பெருந்தொகை ஈந்தவர் ஒருவரேயாயின், அவர் முகம் பார்த்தே கலைஞன் பேச நேரிடும். ஆயிரவர் சிறுதொகை ஈந்தால், ஆணையிட ஒருவருமில்லை. ஆயினும், கலைஞனின் கடமை குறைவதில்லை, பெருகுகிறது. வணிகர் இட்ட முதலை இலாபத்தால் தீர்க்கலாம். உழைப்பாளி மனமுவந்து அளித்த சில்லறையை உண்மையான படைப்பால் மட்டுமே தீர்க்க இயலும்.

இளங்கலைஞருக்கு உதவ முன்வரும் சங்கங்களும் அறநிலையங்களும் இதனை எண்ணிப் பார்த்தல் நன்று. ‘உனக்கு என்ன வேண்டும்?’ என வினவி உதவுவது ஈகை. ‘எமக்கு வேண்டியதைச் சொல்’ எனப் பணித்து உதவுவது, எத்துணைப் பெருந்தொகையாயினும், வாணிகமேயாகும்.